மூன்று மேற்கோளுடன் ஒரு மொட்டைக் கடிதம்

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், எனக்கு நாய் வைத்தியம் தெரியாது. உங்கள் நாய் நேற்றிலிருந்து சாப்பிடவில்லை என்றால் நானும் உங்களைப் போல "ஐயோ பாவம்" என்றுதான் சொல்வேன். இருபத்தெட்டு வருடமாக இதைச் சொந்தக்காரர்களுக்கு விளக்கித் தொண்டைத் தண்ணீர் வற்றியதுதான் மிச்சம். போன மாதம்கூட என் பெரியப்பா மகன் ஃபோன் செய்து, "எங்க வீட்டு நாய் சோபாவைக் கடிச்சுக் குதறுது, என்ன மருந்து குடுக்கறது?" என்று கேட்டான். சின்ன வயதில் இவனும் மேஜைக் காலைக் கடிப்பான். அப்போது இவனுக்கு என்ன கொடுத்தார்கள் என்று பெரியம்மாவிடம் கேட்கச் சொன்னேன்.

நான் நாய்களின் மரபணுவைப் படிப்பவள். எந்த நோய் எந்த வம்சத்தில் எந்த வழியாக இறங்குகிறது என்று பார்ப்பது என் வேலை. கேட்க நன்றாகத்தான் இருக்கும். அன்றாடத்தில் அது எச்சில் சேகரிக்கும் வேலை. நீளமான பஞ்சுக் குச்சியை நாயின் கன்னத்துக்குள் விட்டு முப்பது விநாடி உருட்ட வேண்டும், குழாயில் போட்டு மூட வேண்டும், எண் எழுத வேண்டும். என் இடது கையில் ஏழு தையல் இருக்கிறது. ஏழும் மடியில் வைத்துக் கொஞ்சும் ரகம் செய்த கைங்கரியம். பெரிய நாய்கள் பெரிய மனசோடு கொட்டாவி விட்டுக்கொண்டே வாயைத் திறந்துவிடும்.

என் கணவர் பல் டாக்டர். "ரெண்டு பேருமே அடுத்தவங்க வாயை நம்பித்தான் குடும்பம் நடத்தறோம்" என்று அவர் விருந்துகளில் சொல்வார். எல்லோரும் சிரிப்பார்கள். நான் இருபத்தாறு வருடமாகக் கேட்டுவிட்டேன், எனக்குச் சிரிப்பு வருவதில்லை.

படிக்கும் காலத்தில் கூடப் படித்தவர்கள் எல்லாம் புற்றுநோய், இதயநோய் என்று மனிதர்கள் பக்கம் போனார்கள். நாய் பக்கம் யார் என்று பேராசிரியர் கேட்டபோது கூட்டம் குறைவாக இருக்குமே என்று நான் கை தூக்கினேன். "மனுஷங்களுக்குன்னு ஒண்ணும் செய்ய மாட்டியா?" என்று அம்மா ஒரு வாரம் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டிருந்தாள். ஆனால் நான் சும்மா இருந்துவிடவில்லை. நெட்டைக்கால் என்று ஒரு வேட்டை நாய் இனம் இருக்கிறது. ஓட ஆரம்பித்தால் நிழல்கூடப் பின்தங்கிவிடும். அந்த இனத்தில் சில நாய்களுக்கு நாலு வயதில் கண் மங்கத் தொடங்கும், முதலில் இருட்டில், பிறகு பகலில். ஐந்து வயதுக்குள் முழுக்கப் போய்விடும். ஏன் என்று கண்டுபிடிக்க எனக்கு ஒன்பது வருடம் ஆயிற்று. ஒரே ஒரு மரபணுவில் ஒரு சின்னப் பிசகு. அப்பாவிடமிருந்து ஒன்று, அம்மாவிடமிருந்து ஒன்று என்று இரண்டு கெட்ட பிரதிகள் வந்து சேர்ந்த நாய்க்குத்தான் கண் போகும். ஒன்று மட்டும் இருந்தால் அந்த நாய் சுகமாக இருக்கும், ஆனால் பிசகைக் குட்டிகளுக்குக் கடத்திவிடும். ஆகவே ஜோடி சேர்ப்பதற்கு முன்னால் இரண்டு நாயையும் பரிசோதித்தால் போதும், ஒரு குட்டிக்கும் கண் போகாது.

இவ்வளவுதான் விஷயம். ஆனால் நாய் வளர்ப்பவர்களிடம் சொல்லிப் பாருங்கள். அவர்கள் நாயின் ரத்தத்தில் குறை என்றால் அவர்கள் ரத்தத்தையே சொன்ன மாதிரி எகிறுவார்கள். பதினோரு வருடத்துக்கு முன்னால் நெட்டைக்கால் வளர்ப்போர் சங்கத்தின் ஆண்டுக் கூட்டத்தில் நான் இதை விளக்கியபோது, சங்கத் தலைவர் எழுந்து மைக்கைப் பிடுங்காத குறையாக வாங்கினார்.

"நாய் வாயில குச்சியை விட்டுக் குறி சொல்றாங்களாம். கேட்டுக்கோங்க" என்றார்.

"குறி இல்லைங்க, கணக்கு. கணக்கு தெரியாதவங்களுக்கு எல்லாமே குறி மாதிரிதான் தெரியும்" என்றேன்.

அரங்கம் சிரித்தது. அவர் சிரிக்கவில்லை. அதற்குப் பிறகு அந்தச் சங்கத்திலிருந்து எனக்கு ஒரு சொட்டு எச்சில் வரவில்லை.

இந்த வருடம் என் மகள் ஒரு பையனைக் கல்யாணம் செய்துகொள்ளப் போவதாகச் சொன்னாள். நல்ல பையன், கட்டடப் பொறியாளன், பேசும்போது கண்ணைப் பார்த்துப் பேசுவான். "அவங்க வீட்ல நாய் இருக்கும்மா, உனக்குப் பொழுது போகும்" என்றாள். முதல் தடவையாக அந்த வீட்டுக்குப் போய் அழைப்பு மணியை அழுத்தினோம். கதவைத் திறந்தவர் சங்கத் தலைவர்.

அவரும் என்னைப் பார்த்தார். நானும் அவரைப் பார்த்தேன். "வாங்க வாங்க" என்றார். "இருக்கட்டும் இருக்கட்டும்" என்றேன். பிள்ளைகள் முகத்துக்காக இரண்டு பேரும் இப்போதுதான் ஜென்மத்தில் முதல் தடவையாகச் சந்திப்பதுபோல உட்கார்ந்தோம். மனைவி இல்லாத வீடு, அவரே தேநீர் போட்டார். கூடத்தில் குடும்பப் படம் ஒன்று உள்ளங்கை அளவில் இருந்தது. அதற்குப் பக்கத்தில் சுவரை அடைத்துக்கொண்டு சட்டம் போட்ட ஒரு வம்ச வரைபடம். அவருடைய வம்சம் என்று நினைத்து என் கணவர் மரியாதையாக எழுந்துபோய் வாசித்தார். "இவர் யாருங்க, 'மின்னல் மூன்றாமவன்'?" என்று கேட்டார்.

"தளபதியோட தாத்தா" என்றார் தலைவர். தளபதி அவர் காலடியில் படுத்திருந்த நெட்டைக்கால், ஆறு கண்காட்சிகளில் முதல் பரிசு வாங்கியவன். "ஏழு தலைமுறையா வெளி ரத்தமே சேர்க்கல. சுத்தம். இன்னும் ஒன்பது நாள்ல தளபதிக்கும் பாப்பாவுக்கும் ஜோடி சேர்க்கறோம். ரெண்டுக்கும் ஒரே அப்பா. முதல் குட்டி உங்க பொண்ணுக்கும் என் பையனுக்கும் கல்யாணப் பரிசு."

ஒரே அப்பா. நான் தேநீர்க் கோப்பையைக் கீழே வைத்தேன். கல்யாணத்துக்கு அன்றிலிருந்து பத்து வாரம் தள்ளித் தேதி பேசியிருந்தோம். குட்டி பிறக்க அறுபத்து மூன்று நாள். கணக்கு தானாகவே ஓடியது, கல்யாணம் முடிந்த சூட்டோடு குட்டிகள் வந்துவிடும்.

பாப்பா மாடிப்படியின் மேல் படியில் நின்று எங்களைப் பார்த்துக்கொண்டிருந்தது. கீழே வரச் சொல்லிக் கூப்பிட்டார், வரவில்லை. "சாயங்காலமானா இறங்க மாட்டா. நாலு வயசாச்சு, பிடிவாதம் மட்டும் ஏறிக்கிட்டே போகுது" என்று சொல்லிக்கொண்டே பரிசுக் கோப்பைகளை எடுத்துவர உள்ளே போனார். மகளும் பையனும் பின்னால் போனார்கள்.

இங்கே ஒரு விஷயத்தை ஒப்புக்கொள்ள வேண்டும். உரிமையாளர் கையெழுத்து இல்லாமல் எந்த மாதிரியையும் தொடக்கூடாது என்பது எங்கள் ஆய்வகத்தின் முதல் விதி. எழுதியது நான். அதை மீறியதற்காக ஓர் உதவியாளரை ஒரு வாரம் வீட்டுக்கு அனுப்பியவளும் நான். ஆனால் மற்ற பெண்கள் கைப்பையில் சீப்பு வைத்திருப்பதுபோல நான் பஞ்சுக் குச்சி வைத்திருப்பேன். தளபதி எழுந்து வந்து என் மடியில் தலையை வைத்துப் பெரிதாக ஒரு கொட்டாவி விட்டான். மேலே என்ன சொல்ல? கை பழகிவிட்டது. முப்பது விநாடி.

என் கணவருக்குத் தேநீர் புரையேறியது. "ஊருக்குத்தான் உபதேசமா?" என்று இருமலுக்கு நடுவே கேட்டார். நான் குழாயை மூடிப் பையில் போட்டுக்கொண்டேன்.

செவ்வாய்க்கிழமை முடிவு வந்தது. தளபதிக்கு ஒரு கெட்ட பிரதி இருந்தது. ஒரே அப்பாவுக்குப் பிறந்த பாப்பாவிடமும் இருக்க எல்லா வாய்ப்பும் உண்டு. அப்படி இருந்தால் நாலில் ஒரு குட்டி குருடாகும். அந்தக் குட்டிகளில் ஒன்று என் மகள் வீட்டில் வளரும். இதைத் தலைவரிடம் சொல்ல வேண்டும். எப்படித் தெரிந்தது என்று கேட்பார். திருடனுக்குத் தேள் கொட்டிய கதைதான், வலிக்கிறது, வாய்விட்டுக் கத்த முடியாது.

"கல்யாணம் முடியட்டும், அப்புறம் சொல்லு" என்றார் கணவர்.

"அதுக்குள்ள குட்டி போடற நாளே வந்துடும்."

"அப்ப மொட்டைக் கடுதாசி போடு. 'நலம் விரும்பி'ன்னு எழுதி, டெஸ்ட் பண்ணிட்டு ஜோடி சேர்க்கச் சொல்லு. யார்னு தெரியாது. வேலையும் முடிஞ்சிடும்."

நல்ல யோசனையாகத்தான் இருந்தது. புதன்கிழமை உட்கார்ந்து எழுதினேன். நாலு வரி எழுதினால் போதும், எனக்குத் தெரியும். ஆனால் 'கண் போகும்' என்று மொட்டையாக எழுதினால் யார் நம்புவார்கள்? எத்தனை சதவீதம் என்று போட்டேன். சதவீதம் போட்டால் எந்த ஆய்வு என்று சொல்ல வேண்டாமா? அடியில் ஒரு கோடு போட்டு மேற்கோள்களை எழுதினேன். மூன்று ஆய்வுக் கட்டுரைகள், வருடம், பக்க எண் உட்பட. இரண்டு தடவை படித்து ஒரு காற்புள்ளியைத் திருத்திவிட்டு, கையெழுத்தில் கண்டுபிடித்துவிடுவார் என்று முன்ஜாக்கிரதையாகத் தட்டச்சு செய்து, வேறு பேட்டைத் தபால்பெட்டியில் போட்டேன். அன்றைக்கு எனக்கு என் சாமர்த்தியத்தில் ரொம்பத் திருப்தி.

வெள்ளிக்கிழமை காலை தலைவர் ஆய்வகத்துக்கே வந்துவிட்டார். ஒரு கையில் தளபதியின் கயிறு, மறு கையில் பாப்பாவின் கயிறு, கக்கத்தில் கடிதம். நாற்காலியைக் காட்டினேன், உட்காரவில்லை.

"மேடம், இது யார் எழுதினதுன்னு எனக்குத் தெரியல" என்றார். "ஆனா யாரோ ரொம்பப் படிச்சவங்க. அடியில மூணு கட்டுரை பேர் போட்டிருக்காங்க. மூணும் நீங்க எழுதினது. இவங்க உங்களைத் தவிர வேற யாரையுமே படிக்க மாட்டாங்க போல."

நான் கடிதத்தை வாங்கிப் பார்த்தேன். ஒவ்வொரு மேற்கோளும் என் பெயரில்தான் ஆரம்பித்தது. அந்த மரபணுவைப் பற்றி உலகத்தில் வேறு யாரும் எழுதவில்லை என்பது என் வாழ்நாள் பெருமை. அன்றைக்கு அதுவே கழுத்தில் கயிறாக விழுந்தது.

"நான்தான் எழுதினேன்" என்றேன். குச்சி விட்டதையும் சொன்னேன். முகத்தைப் பார்த்துச் சொல்லத் தைரியம் வரவில்லை, தளபதியைப் பார்த்துச் சொன்னேன். அவன் வாலை ஆட்டினான்.

"என் வீட்டுக்கு வந்து" என்றார். "என் டீயைக் குடிச்சிட்டு, நான் அந்தப் பக்கம் திரும்பினதும் என் பிள்ளை வாயில குச்சியா? பொண்ணு குடுக்க வந்தீங்களா, வேவு பாக்க வந்தீங்களா?"

"தப்புதான். மன்னிச்சிடுங்க. ஆனா முடிவு தப்பில்ல."

"அதையும் பார்த்துடலாம். எங்க அந்த ஃபாரம்? ரெண்டு பேருக்கும் எடுங்க, என் கண்ணு முன்னால. சுத்தம்னு வந்தா சங்கப் பத்திரிகையில முழுப் பக்கம் மன்னிப்புக் கேக்கணும். அதுவரைக்கும் கல்யாணப் பேச்சே வேண்டாம்."

கையெழுத்து போட்டார். பேனா காகிதத்தைக் கிழித்துவிட்டது. நான் முறைப்படி கையுறை போட்டு இரண்டு நாய்க்கும் மாதிரி எடுத்தேன். பாப்பா வாயைத் திறந்துவிட்டு என் பக்கம் பார்க்காமல் அவர் குரல் வந்த பக்கமே பார்த்துக்கொண்டிருந்தது.

மகள் அன்று மதியமே ஃபோன் செய்தாள்.

"அம்மா, ஒரு குச்சிக்காக என் கல்யாணத்தை நிறுத்திட்டியா?"

"நிறுத்தல. தள்ளி வச்சிருக்கார்."

"நாய் வாயைப் பார்த்தா உனக்கு மகள்கூட ஞாபகம் வராதா?"

அவளுடைய முதல் பள்ளி நாடகத்தின்போது நான் இரண்டு மலை தாண்டி ஒரு பண்ணையில் பதினேழு குட்டிகளுக்குக் குச்சி விட்டுக்கொண்டிருந்தேன். அதை அவள் இப்போதும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் தேவலை. கடைசியில், "சரி, உள்ளதை உள்ளபடி எழுது. மாத்தி எழுதினா உன்னால தூங்க முடியாது. ஆனா இனிமே என் வீட்டுக்கு வரப்ப கைப்பையை வாசல்லயே வச்சிட்டு வரணும்" என்றாள்.

சனியும் ஞாயிறும் மனசு கிடந்து அடித்துக்கொண்டது. பொய் எழுதலாமா என்று யோசித்தேன். யோசிக்கவில்லை என்று சொன்னால் அதுதான் பொய். சான்றிதழ் எழுதுவது நான், கையெழுத்து போடுவது நான், சரிபார்ப்பதும் நான். 'சுத்தம்' என்று ஒரு வார்த்தை, கூடவே ஒரு பக்க மன்னிப்பு, மகள் கல்யாணம் ஜோராக நடந்துவிடும். பிறகு நாலு வருடம் கழித்து ஒரு நாய் என் மகள் வீட்டுச் சுவரில் முட்டிக்கொள்ளும். இருபத்தெட்டு வருடத்தில் முதல் தடவையாக என் பரிசோதனை தப்பாக வந்து தொலையட்டும் என்று ஆசைப்பட்டேன்.

திங்கள்கிழமை காலை முடிவைப் பார்த்தேன். இயந்திரத்தில் கோளாறோ என்று திரும்பவும் ஓட்டினேன். இரண்டாம் தடவையும் அதேதான். மத்தியானம் தலைவர் பாப்பாவை மட்டும் கூட்டிக்கொண்டு வந்தார். ஜெயித்தவர் நடை. விளக்கு எரியாத நடைவழியில் வந்த பாப்பா வாசல் நிலையில் தோளை இடித்துக்கொண்டு உள்ளே வந்தது.

"எழுதி வச்சிட்டீங்களா, மன்னிப்பு?" என்றார்.

"உட்காருங்க" என்றேன். இந்தத் தடவை உட்கார்ந்தார். என் குரலில் ஏதோ இருந்திருக்க வேண்டும்.

"தளபதிக்கு ஒண்ணுதான். அவனுக்கு ஒண்ணும் ஆகாது" என்றேன். "பாப்பாவுக்கு ரெண்டு."

அவர் காகிதத்தைப் பார்க்கவில்லை. பாப்பாவைப் பார்த்தார். நல்ல பழுப்பு நிறக் கண்கள், பார்க்க ஒரு குறையும் தெரியாது. அது அவர் முழங்காலில் தாடையை வைத்துக்கொண்டிருந்தது.

"இவளுக்குக் கண்ணு நல்லாத்தான் இருக்கு மேடம்" என்றார்.

"பகல்ல தெரியும். வெளிச்சம் குறைஞ்சா தெரியாது. சாயங்காலம் படி இறங்க மாட்டாள்னு சொன்னீங்களே."

இப்படிப்பட்ட நேரத்தில் கொடுப்பதற்கென்று என்னிடம் அச்சடித்த தாள் ஒன்று உண்டு, 'உரிமையாளருக்கான அறிவுரைகள்' என்று. இழுப்பறையைத் திறந்தேன், எடுக்க மனசு வரவில்லை, மூடிவிட்டேன்.

"போன மாசம் அடிச்சேன்" என்றார். "கூப்பிடக் கூப்பிட இறங்கல. பேப்பரைச் சுருட்டி முதுகுல ரெண்டு போட்டேன். அப்பவும் இறங்கல. கையை நீட்டினேன், என் கையை நக்கிட்டு அங்கேயே உக்காந்துட்டா." கண்ணாடியைக் கழற்றிச் சட்டை நுனியால் துடைத்தார். துடைத்துக்கொண்டே இருந்தார். "நாற்பது வருஷமா நாய் வளர்க்கறேன். இவளுக்குத் தெரியலைன்னு எனக்குத் தெரியலையே."

பதினோரு வருடமாக இந்த மனிதர் ஒரு நாள் என் முன்னால் வாயடைத்து உட்கார வேண்டும் என்று ஆசைப்பட்டிருக்கிறேன். உட்கார்ந்தார். எனக்கு அது வேண்டியிருக்கவில்லை.

"எல்லாம் போனதுக்கப்புறம் என்னை அடையாளம் தெரியுமா இவளுக்கு?"

"நாய் நம்மளைக் கண்ணாலயா பாக்குது? நீங்க தெருமுனையில திரும்பறப்பவே உங்க வாசனை அவளுக்கு வந்துடும். சாமான்களை மட்டும் இடம் மாத்தாதீங்க. படியில வாசனையா ஏதாவது தடவி வைங்க. நான் வந்து சொல்லித் தரேன்." பிறகு, கேட்காமல் இருக்க முடியாமல், "நாளைக்கு ஜோடி சேர்க்கறது?" என்றேன்.

"அதெல்லாம் இல்ல. வெள்ளிக்கிழமை சங்கக் கூட்டத்துல நானே சொல்லிடறேன். அந்த வரைபடத்துல இன்னும் எத்தனை பேருக்கு இருக்கோ. எல்லாத்துக்கும் குச்சி விடுங்க." கண்ணாடியை மாட்டிக்கொண்டார். "பகல் வெளிச்சத்துல இன்னும் எத்தனை நாள் தெரியும்?"

"மூணு மாசம், நாலு மாசம். சில நாய்க்குச் சீக்கிரமே போயிடும்."

"கல்யாணத்துக்கு ரெண்டு மாசத்துக்கு மேல இருக்கு. அதுவரைக்கும் தெரியும்னு எழுதித் தருவீங்களா?"

கல்யாணம் என்ற சொல் அவர் வாயிலிருந்தே வந்துவிட்டது. ஆனாலும், "எழுதித் தர மாட்டேன்" என்றேன். அது எனக்கு வராது.

"அப்ப அடுத்த மாசமே வச்சிருவோம், சம்பந்தி. பகல் நேரமா, வெளிச்சத்துல. என் பையன் ராத்திரி எந்நேரம் வந்தாலும், குட்டியா இருந்தப்பவே இவதான் வாசல்ல காவல் இருப்பா. இவ பாக்கணும்."

நாய்க்குக் கல்யாணம் என்றால் என்னவென்று தெரியாது. மேடையையும் மாலையையும் விட அங்கே கீழே சிந்தியிருப்பதுதான் அதற்கு முக்கியம். இதற்கு ஆதாரமாக நான்கைந்து ஆய்வுகளை என்னால் அங்கேயே சொல்லியிருக்க முடியும். வாயை மூடிக்கொண்டு தலையை ஆட்டினேன்.

அவர் போனதும் மகளுக்கு ஃபோன் செய்தேன். "கல்யாணத் தேதி மாறுது" என்றேன்.

"நிறுத்திட்டாரா?" அவள் குரல் உடைந்துவிட்டது.

"இல்லடி. அடுத்த மாசமே. பாப்பாவுக்குக் கண் போகப் போகுது. அதுக்குள்ள அவ பாக்கணுமாம்."

மூக்கை உறிஞ்சிக்கொண்டு, "நாய் பாக்கறதுக்காகக் கல்யாணத்தை முன்னாடி வைக்கறாங்களா? யார் யோசனை இது, அவரோடதா, உன்னோடதா?" என்று கேட்டாள்.

"சம்பந்திங்க ரெண்டு பேரும் சேர்ந்து முடிவு பண்ணினோம்" என்றேன்.